கட்டப்பஞ்சாயத்தும் கதாநாயகனும்

பிரையன் டி பால்மா இயக்கிய ‘ஸ்கார்ஃபேஸ்’ 1983-ல் அமெரிக்காவில் வெளியானபோது விமர்சகர்களில் பலர் முகம் சுளித்தார்கள். கால் நூற்றாண்டு கழித்து, 2008-ல், கென் டக்கர் என்ற விமர்சகர் அந்த ஒரே படத்தைப் பற்றி ‘ஸ்கார்ஃபேஸ் நேஷன்’ என்று முழுப் புத்தகம் எழுதினார். படம் எடுக்கப்பட்ட கதைக்கு அதில் ஓரளவு இடம் உண்டு. திரையரங்கை விட்டு வெளியே வந்த பிறகு டோனி மொன்டானா என்ற கற்பனைக் கடத்தல்காரன் எங்கெல்லாம் குடியேறினான் என்பதுதான் புத்தகத்தின் உயிர். ஹூஸ்டன் நகரத்து ராப் பாடகர் ஒருவர் படத்தின் பெயரையே தன் பெயராக வைத்துக்கொண்டார். 2002-ல் வந்த ‘ஜிடிஏ வைஸ் சிட்டி’ வீடியோ விளையாட்டு அந்தப் படத்தின் மயாமியை அப்படியே எடுத்துக்கொண்டது. சுவரொட்டி, பனியன், பேச்சுவழக்கு என்று அந்தப் படம் தொடாத பொருள் குறைவு.

தமிழில் அப்படி ஒரு புத்தகத்துக்கு உரிய படம் எது என்று வெகுநேரம் யோசிக்க வேண்டியதில்லை. 1987 தீபாவளிக்கு, அக்டோபர் 21 அன்று வெளியான மணிரத்னத்தின் ‘நாயகன்’ தமிழ் வெகுஜனப் பண்பாட்டில் பதித்த தடம் அவ்வளவு ஆழமானது. அதைப் பற்றிப் பேசும் இரண்டு புத்தகங்கள் முக்கியமானவை. லலிதா கோபாலன் 2002-ல் எழுதிய ‘சினிமா ஆஃப் இன்டரப்ஷன்ஸ்’ பாட்டு, இடைவேளை, தணிக்கை ஆகியவற்றை இந்திய ஆக்‌ஷன் படங்களின் இடையூறுகளாகக் கருதாமல் அவற்றின் வடிவமாகவே பார்க்கிறது. அதில் ‘நாயக’னுக்குத் தனி அத்தியாயம் உண்டு, இந்தியில் வந்த ‘பரிந்தா’ அடுத்து வருகிறது. 2012-ல் பரத்வாஜ் ரங்கன் வெளியிட்ட ‘கான்வர்சேஷன்ஸ் வித் மணிரத்னம்’ இயக்குநரையே உட்காரவைத்து ஒவ்வொரு படமாகப் பேசவைத்தது. முதல் புத்தகம் படத்தின் வடிவத்தை ஆராய்கிறது, இரண்டாவது படம் பிறந்த விதத்தைச் சொல்கிறது. படம் வெளியான பிறகு தெருவில் நடந்தது இரண்டின் எல்லைக்கும் வெளியே.

தெருவில் நடந்ததைத் தேடினால் ஒரு வேறுபாடு முதலிலேயே கண்ணில் படுகிறது. டோனி மொன்டானாவிடமிருந்து அமெரிக்க இளைஞர்கள் எடுத்துக்கொண்டது பணவெறியை, துப்பாக்கியை, எதற்கும் அடங்காத திமிரை. ‘நாயக’னின் வேலு நாயக்கரிடமிருந்து தமிழ்நாடு எடுத்துக்கொண்டது வேறு. வீட்டு வாசலில் சனம் காத்திருக்க, வெள்ளை வேட்டியில் ஒருவர் உட்கார்ந்து குறை கேட்டுத் தீர்ப்புச் சொல்லும் காட்சி அது. நடைமுறையில் அதற்குப் பெயர் கட்டப்பஞ்சாயத்து. காவல்துறை வழக்குப் போடும் அந்தச் செயலுக்குத் திரையில் ஒரு கண்ணியத்தைக் கொடுத்ததே ‘நாயக’னின் மிகப் பெரிய, மிகவும் யோசிக்க வைக்கும் பாதிப்பு.

படத்தின் வேர் பம்பாயில் இருக்கிறது. தூத்துக்குடியிலிருந்து போய் விக்டோரியா டெர்மினஸ் ரயில் நிலையத்தில் சுமை தூக்கிய வரதராஜ முதலியார், மதுவிலக்குக் காலத்துக் கள்ளச்சாராயத்தின் வழியே தாராவி, மாட்டுங்கா, சயான் கோலிவாடா பகுதிகளில் தனி அதிகாரமாக வளர்ந்தார். மாட்டுங்கா ரயில் நிலையம் அருகே அவர் போட்ட விநாயகர் சதுர்த்திப் பந்தல் ஊரே பேசும் அளவுக்குப் பெரிது. 1966-ல் தொடங்கிய சிவசேனையின் முதல் கோபம் தென்னிந்தியர்கள் மீதுதான் என்பதைச் சேர்த்துப் பார்த்தால், அங்கிருந்த தமிழர்களுக்கு அவர் ஏன் தேவைப்பட்டார் என்பது புரியும். எழுபதுகளின் நடுவில் பம்பாயில் மேலாண்மை படித்துக்கொண்டிருந்த மணிரத்னம், இப்படி ஒரு மனிதரை மக்கள் கடவுளைப் போல் கும்பிடுவதைக் கண்டு வியந்ததாக ரங்கனிடம் சொல்கிறார். ஒரு குற்றவாளி எப்படி உருவாகிறான் என்பதைவிட, அவனை ஏன் கும்பிடுகிறார்கள் என்ற கேள்வியே அவரைப் பிடித்துக்கொண்டது. படத்தின் பலமும் பலவீனமும் அந்தத் தேர்வில்தான் இருக்கின்றன.

தயாரிப்பாளர் முக்தா சீனிவாசன் முதலில் கேட்டது ஷம்மி கபூர் நடித்த பழைய இந்திப் படம் ஒன்றின் தழுவலை. அதை மறுத்து இயக்குநர் சொன்ன கதைதான் ‘நாயகன்’. 1972-ல் வந்த ‘தி காட்ஃபாதர்’ படத்தின் சாயல் வெளிப்படையானது. மகளுக்கு நேர்ந்த கொடுமைக்கு நியாயம் கேட்டு ஒரு தகப்பன் வந்து நிற்கும் காட்சி இரண்டிலும் உண்டு. ஆனால் கோப்பலாவின் படத்தில் அந்தத் தகப்பன் சவ அடக்கத் தொழில் செய்பவர். தமிழில் அவர் காவல்துறை உயரதிகாரி. சட்டத்தின் காவலரே சட்டத்துக்கு வெளியே உள்ளவரிடம் மனுக் கொடுக்கிறார். மூலத்தில் இல்லாத அந்த ஒரு மாற்றம்தான் தமிழ் தாதாவை அரசாங்கத்தின் இடத்தில் உட்காரவைத்தது.

தொழில்நுட்பத்தின் பங்கும் சிறியதல்ல. தாராவியின் சந்துகளைத் தோட்டா தரணி சென்னை வீனஸ் ஸ்டூடியோவில் எழுப்பினார். தலைக்கு மேலிருந்து விழும் வெளிச்சத்தில் கண்குழிகள் இருண்டு தெரியும்படி பி.சி. ஸ்ரீராம் படம்பிடித்தார், அதன் பிறகு தமிழில் தாதா என்றாலே பாதி முகம் இருட்டில்தான் என்றாகிவிட்டது. இளையராஜாவுக்கு இது 400-வது படம். பழைய பம்பாய் விடுதிக் காட்சிக்கு அவர் ஜமுனாராணியையும் எம்.எஸ். ராஜேஸ்வரியையும் அழைத்து வந்து பாடவைத்தார். ஐம்பதுகளின் குரல்களாலேயே அந்தக் காலத்தைக் கட்டிவிட்டார். வேலு நாயக்கராக நடித்த கமல்ஹாசன், ஸ்ரீராம், தோட்டா தரணி மூவருக்கும் தேசிய விருது கிடைத்தது. அந்த ஆண்டு ஆஸ்கருக்கு இந்தியா அனுப்பிய படமும் இதுதான். 2005-ல் ‘டைம்’ இதழின் நூறு சிறந்த படங்கள் பட்டியலில் இடம்பிடித்தது.

படம் ஓடிக்கொண்டிருந்த காலத்திலேயே நிஜ மனிதரின் கதை முடிந்தது. பம்பாய் காவல்துறையின் நெருக்கடியால் சென்னைக்கு வந்துவிட்ட வரதராஜ முதலியார் 1988 ஜனவரியில் உடல்நலம் குன்றி இறந்தார். ராமநாதபுரம் மாவட்டம் பனைக்குளத்தில் பிறந்த இன்னொரு பம்பாய்த் தமிழரான ஹாஜி மஸ்தான் தனி விமானம் ஏற்பாடு செய்து உடலைப் பம்பாய்க்குக் கொண்டுபோனார். திரையில் வேலு நாயக்கர் நீதிமன்ற வாசலில், தான் கொன்ற காவலரின் மகன் கையால் சுடப்பட்டு விழுகிறார். காவியத்துக்குத் தேவையான முடிவு அது. உண்மை அவ்வளவு ஒழுங்காக முடியவில்லை.

மூன்று தாதாக்கள், ஒரே எழுத்தாளர்

தமிழ் தாதாவின் வளர்ச்சியைப் பின்தொடர எளிய வழி, அவனுக்கு வசனம் எழுதியவரைப் பின்தொடர்வது. ‘நாயகன்’ (1987), ‘பாட்ஷா’ (1995), ‘புதுப்பேட்டை’ (2006) ஆகிய மூன்றுக்கும் வசனம் பாலகுமாரன். தஞ்சாவூர் மாவட்டத்தில் பிறந்து, சென்னையில் டிராக்டர் நிறுவனம் ஒன்றில் வேலை பார்த்து, லாரித் தொழிலை வைத்து ‘இரும்புக் குதிரைகள்’ நாவலை எழுதியவர். தொழிற்கூடத்தில் மனிதர்கள் ஒருவரையொருவர் எப்படி அழைத்துக்கொள்வார்கள், எங்கே குரல் உயரும், எங்கே பேச்சு நின்று கை பேசும் என்பதை அருகிலிருந்து கேட்ட காது அவருடையது. ‘நாயக’னில் அவர் எழுதியது மிகக் குறைவு. வேலு நாயக்கர் பேசும் சொற்களைவிட விழுங்கும் சொற்களே அதிகம். நாலு பேருக்கு நன்மை என்றால் எதுவும் குற்றமில்லை என்ற பொருளில் அவர் சொல்லும் ஒரு வரி இன்றும் கட்சி மேடைகளிலும் டீக்கடைகளிலும் நியாயமாக எடுத்துச் சொல்லப்படுகிறது. படமே அந்த நியாயத்தைக் கேள்வி கேட்கிறது என்பதைப் பலர் மறந்துவிட்டார்கள். மகள் சாருமதி அப்பாவின் தர்பாரை நேருக்கு நேர் எதிர்த்து வீட்டை விட்டே போகிறாள். கடைசியில், நல்லவரா கெட்டவரா என்று பேரன் கேட்கும் கேள்விக்குத் தாத்தாவிடம் பதில் இல்லை, தெரியவில்லை என்கிறார். வரியைத் தெரு வைத்துக்கொண்டது, சந்தேகத்தைத் திரையரங்கிலேயே விட்டுவிட்டது. ஒரு படம் மக்களிடம் போய்ச் சேரும்போது அதன் சிக்கல் முதலில் உதிரும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று தமிழில் இல்லை.

‘பாட்ஷா’வில் அந்தச் சந்தேகமே கிடையாது. சென்னை ஆட்டோ ஓட்டுநர் மாணிக்கத்தின் கடந்த காலம் பம்பாயில் இருக்கிறது. அன்வர் என்ற நண்பனின் சாவுக்குப் பிறகே அவன் பாட்ஷாவாகிறான். வேலுவை வளர்த்தெடுத்த ஹுசேன் பாயின் இடத்தில் இங்கே இஸ்லாமிய நண்பன். அமிதாப் பச்சனின் ‘ஹம்’ (1991) படத்தின் தாக்கம் இருந்தாலும், தர்பாரின் அமைப்பு ‘நாயகன்’ போட்ட பாதையில்தான் நடக்கிறது. இயக்குநர் சுரேஷ் கிருஷ்ணா அதில் துக்கத்தைக் குறைத்துக் கைதட்டலைக் கூட்டினார். ஆட்டோ ஸ்டாண்டுகளில் ரஜினிகாந்தின் படமும் படத்தின் வசனமும் அன்றிலிருந்து நிரந்தரமாகிவிட்டன.

அந்தப் படம் அரசியலுக்குள் நுழைந்த விதம் இன்னும் விசித்திரமானது. 1995 ஜூலையில் மணிரத்னத்தின் சென்னை வீட்டில் வெடிகுண்டு வீசப்பட்டது. அதையடுத்து நடந்த ‘பாட்ஷா’ வெற்றிவிழாவில், தமிழ்நாட்டில் வெடிகுண்டுக் கலாசாரம் வளர்ந்துவிட்டது என்ற பொருளில் ரஜினிகாந்த் பேசினார். படத்தைத் தயாரித்த சத்யா மூவிஸ் நிறுவனத்தின் ஆர்.எம். வீரப்பன் அப்போது ஜெயலலிதா அமைச்சரவையில் அமைச்சர். மேடையில் இருந்தும் மறுப்புச் சொல்லவில்லை என்பதால் பதவி இழந்தார். அடுத்த ஆண்டுத் தேர்தலில் ரஜினிகாந்த் தி.மு.க., த.மா.கா. கூட்டணிக்குக் குரல் கொடுத்தார். திரையில் ஒரு தாதாவாக நடித்தவர் நிஜ மேடையில் வன்முறைக்கு எதிராகப் பேசினார், ஓர் அமைச்சரின் நாற்காலி போனது. டக்கரின் புத்தகத்தில் இதற்கு இணையான சம்பவம் ஒன்றுகூடக் கிடையாது.

‘புதுப்பேட்டை’ அதே பாலகுமாரனின் பேனாவை வேறு திசைக்குத் திருப்பியது. செல்வராகவனின் கொக்கி குமார் யாருடைய மனுவையும் வாங்குவதில்லை. பசிக்குப் பிச்சை எடுத்தவன், சிறையில் கற்றுக்கொண்டவன், கட்சிக்காரர்களின் கையாளாகி ஒரு கட்டத்தில் சட்டமன்றத்துக்கே போகிறான். வேலு நாயக்கருக்குச் சமூகம் கொடுத்த மன்னிப்பை இந்தப் படம் குமாருக்குக் கொடுக்க மறுக்கிறது. வெளியானபோது கலவையான வரவேற்பு. பின்னர் இளைஞர்கள் கொண்டாடும் படமானது. கொண்டாடியவர்கள் பிடித்துக்கொண்டது குமாரின் நடையையும் பேச்சையும். அவனுடைய அருவருப்பான தனிமை யாருடைய பனியனிலும் அச்சாகவில்லை.

பம்பாயிலிருந்து வடசென்னைக்கு

2010-க்குப் பிறகு தாதாவுக்கு ஊர் மாறியது, நிலமும் கைக்கு வந்தது. பா. இரஞ்சித்தின் ‘மெட்ராஸ்’ (2014) வியாசர்பாடியில் ஒரு சுவரைச் சுற்றி நடக்கிறது. வெற்றிமாறனின் ‘வடசென்னை’ (2018) தொடங்கும் ஆண்டு 1987. ‘நாயகன்’ வெளியான ஆண்டும் அதுவே என்பது தற்செயலாக இருக்கலாம், ஆனால் பொருத்தமான தற்செயல். அங்கே ராஜன் என்ற கடத்தல்காரன் மீனவக் குப்பத்துக்கும் அதை விழுங்க வரும் சாலைத் திட்டத்துக்கும் நடுவில் நிற்கிறான். ‘காலா’ (2018) தாராவிக்கே திரும்பிப் போனது. ‘நாயக’னில் குடிசைகளை இடித்த பணக்காரனின் கண்ணாடி மாளிகையை ஜனங்கள் நொறுக்குகிறார்கள், கணக்கு அத்துடன் தீர்கிறது. ‘காலா’வில் கண்ணாடி உடைந்தாலும் கணக்குத் தீராது, நிலம் யாருடையது என்ற கேள்விதான் படமே. மூன்று படங்களிலும் மக்கள் ஒரு தலைவனின் வாசலில் காத்திருப்பதைவிடத் தாங்களே கூடிப் பேசுவது அதிகம். கட்டப்பஞ்சாயத்துத் திண்ணையிலிருந்து தமிழ்ப் படம் எழுந்து வந்ததன் அடையாளம் அது. கடல் கடந்தும் இந்த மரபு போனது. இரஞ்சித்தின் ‘கபாலி’ (2016) மலேசியத் தோட்டத் தொழிலாளர்களின் வாரிசுகளிடையே நடக்கிறது. மலேசியாவில் திரையிட்ட பிரதியில், நாயகன் காவல்துறையிடம் சரணடைந்தான் என்று இறுதியில் ஒரு வரி சேர்க்கவேண்டியிருந்தது.

கேலிக்கும் இதில் பெரிய பங்கு உண்டு. எந்தப் பிம்பம் ஊறிவிட்டதோ அதைத்தான் வடிவேலு உடைக்க முடியும். ‘வின்னர்’ (2003) படத்தின் கைப்புள்ளையும் ‘தலைநகரம்’ (2006) படத்தின் நாய் சேகரும் தர்பார் வைக்க ஆசைப்பட்டு அடிவாங்கும் தாதாக்கள். இன்று மீம்களில் அதிகம் உலவும் தமிழ் ரவுடி வேலு நாயக்கரோ பாட்ஷாவோ இல்லை, இவர்கள் இருவரும்தான். கார்த்திக் சுப்புராஜின் ‘ஜிகர்தண்டா’ (2014) இன்னும் ஒரு படி மேலே போய், தாதா படம் எடுக்க ஒரு நிஜ ரவுடியைப் பின்தொடரும் இளம் இயக்குநரைக் கதையாக்கியது. ரவுடி நடிக்க ஆசைப்படுகிறான், நடிக்கத் தொடங்கியதும் ரவுடியாக இருக்க முடியாமல் போகிறது.

அது வெறும் கற்பனை என்றும் தள்ளிவிட முடியாது. தியேகோ கம்பெட்டா என்ற இத்தாலியச் சமூகவியலாளர் 2009-ல் எழுதிய ‘கோட்ஸ் ஆஃப் தி அண்டர்வேர்ல்ட்’ புத்தகத்தில், நிஜ மாஃபியாக்காரர்கள் சினிமாவைப் பார்த்துப் பேசக் கற்றதைப் பற்றி ஓர் அத்தியாயமே உண்டு. 2018 பிப்ரவரியில் பூந்தமல்லி அருகே மலையம்பாக்கத்தில் ஒரு ரவுடியின் பிறந்தநாள் விழாவைக் காவல்துறை சுற்றிவளைத்து எழுபதுக்கும் மேற்பட்டோரைக் கைது செய்தது. அரிவாளால் கேக் வெட்டும் படம் பத்திரிகைகளில் வந்தது. அதன்பின் பட்டாக்கத்தியில் கேக் வெட்டிக் காணொளி போட்டவர்கள் மீது வழக்கு என்ற செய்தி மாநிலத்தில் எங்கிருந்தாவது வந்துகொண்டே இருக்கிறது. எந்தப் படத்தைப் பார்த்து இது வந்தது என்று விரல் நீட்டிச் சொல்ல முடியாது. கேமரா ஓடிக்கொண்டிருக்கிறது என்ற நினைப்போடு நடக்கும் வாழ்க்கை என்று மட்டும் சொல்லலாம்.

‘நாயகன்’ 2023 நவம்பரில் மெருகேற்றப்பட்ட பிரதியாகத் திரும்ப வந்தது. 2025 ஜூனில் கமல்ஹாசனும் மணிரத்னமும் 38 ஆண்டுகளுக்குப் பிறகு இணைந்த ‘தக் லைஃப்’ வெளியானது. நாயகனின் பெயர் ரங்கராய சக்திவேல் நாயக்கர். பழைய பெயரின் நிழலை விளம்பரமே வேண்டுமென்று அழைத்து வந்தது. அந்த எதிர்பார்ப்பே படத்துக்குப் பாரமாகி, எதிர்பார்த்த வரவேற்பும் கிடைக்கவில்லை. வாசலில் காத்திருக்கும் சனம் இல்லாத இடத்தில் நாயக்கர் என்ற பெயருக்கு வேலை இல்லை என்பது ஒரு காரணமாக இருக்கலாம்.

ஜிஎன்டி சாலையின் தாதாக்கள்

சென்னையிலிருந்து வடக்கே ஆந்திரம் நோக்கிப் போகும் ஜிஎன்டி சாலையில், கவரைப்பேட்டையை ஒட்டிய புதுவாயலில் இந்தச் சினிமா மரபு எங்கே போய் முட்டுகிறது என்று பார்ப்பது பயனுள்ளது. ஒரு பக்கம் கும்மிடிப்பூண்டி சிப்காட், இன்னொரு பக்கம் பொறியியல் கல்லூரிகள், குறுக்கே பெரியபாளையம் சாலை, இரவு பகல் ஓயாத லாரிகள். எல்லை அருகில் இருப்பதால் தமிழும் தெலுங்கும் கலந்தே புழங்கும் பகுதி. எல்லைக்கு அப்பால் சூலூர்ப்பேட்டையில் 2019-ல் திறந்த பெரிய திரை கொண்ட அரங்குக்கு இங்கிருந்து படம் பார்க்கப் போகிறார்கள். ‘நாயகன்’ தெலுங்கில் ‘நாயகுடு’வாக ஓடியது, எதிர்த்திசையில் ‘புஷ்பா’ (2021) தமிழ் பேசிக்கொண்டு வந்தது.

‘புஷ்பா’வின் பூகோளம் இந்தச் சாலைக்கு அந்நியமானதல்ல. சேஷாசலம் காட்டுச் செம்மரம் படத்தில் சென்னை முருகன் என்ற வியாபாரியின் கைக்குத்தான் வருகிறது. கூலியாளாகத் தொடங்கும் புஷ்பராஜ் கடத்தல் கும்பலின் தலைவனாகிறான். தாடியைத் தடவும் சைகையைக் கிரிக்கெட் வீரர்கள் மைதானத்தில் செய்து காட்டினார்கள். புஷ்பராஜாக நடித்த அல்லு அர்ஜுனுக்குத் தேசிய விருதும் கிடைத்தது. அதே சேஷாசலத்தில் 2015 ஏப்ரல் 7 அன்று ஆந்திரக் காவல்துறை சுட்டதில் செம்மரம் வெட்டப் போனவர்கள் என்று சொல்லப்பட்ட 20 பேர் இறந்தார்கள். திருவண்ணாமலை, தருமபுரி, சேலம் பக்கத்து ஏழைத் தமிழர்கள். கூலியாளிலிருந்து தலைவனாகும் ஏணி சினிமாவில் மட்டுமே இருக்கிறது.

உள்ளூர் அடியாள் பொருளாதாரமும் திரை தர்பாரைப் போல் இருப்பதில்லை. சென்னையைச் சுற்றிய தொழிற்பகுதிகளில் தகராறு பெரும்பாலும் ஸ்க்ராப் எடுக்கும் ஒப்பந்தம் யாருக்கு, லாரி யாருடையது, ஏரியில் சவுடு மண் அள்ளுவது யார் என்பதைச் சுற்றித்தான் எழுகிறது. நாலு பேருக்கு நன்மை என்ற பேச்சுக்கே அங்கு இடமில்லை. ஒரு லோடு பழைய இரும்பின் விலைதான் பேச்சு. இதில் காவியம் இல்லாததால் சினிமாவுக்கும் பெரிய அக்கறை இல்லை.

இந்தப் பகுதி திரையில் வந்தது வேறு வழியாக. 2005 ஜனவரியில் கும்மிடிப்பூண்டி சட்டமன்ற உறுப்பினர் கே. சுதர்சனம் பெரியபாளையம் அருகே தானாகுளத்தில் உள்ள தன் வீட்டில் கொள்ளையர்களால் சுட்டுக் கொல்லப்பட்டார். வட இந்தியாவிலிருந்து லாரிகளில் வந்து நெடுஞ்சாலையோர வீடுகளைத் தாக்கிய பவாரியா கும்பலைத் தேடி எஸ்.ஆர். ஜாங்கிட் தலைமையில் காவல்துறை வடக்கே போனது. அந்த வழக்கை அடிப்படையாகக் கொண்டு எச். வினோத் இயக்கி, கார்த்தி நடித்த ‘தீரன் அதிகாரம் ஒன்று’ 2017 நவம்பரில் வந்தது. விசாரணை நடக்கும் முறையை இவ்வளவு நுணுக்கமாகக் காட்டிய தமிழ்ப் படங்கள் குறைவு. குற்றப் பரம்பரை பற்றிய பகுதிகளுக்கு எதிர்ப்பும் வந்தது. ஒரு கும்பலின் குற்றம் ஒரு சமூகத்தின் பிறவிக் குணம் போலத் தெரிகிறது என்ற அந்த எதிர்ப்பு நியாயமானதே.

‘நாயகன்’ தொடங்குவது தொழிற்சங்கத் தலைவர் ஒருவரின் மகனிடம். அப்பாவைப் போலீஸ் சுட்டுக் கொன்ற பிறகு, மொழி தெரியாத நகரத்துக்கு ஓடிப்போகும் சிறுவன் பக்கம் படம் நிற்கிறது. முப்பதாண்டு கழித்து வந்த ‘தீரன்’ நிற்பது சோதனைச்சாவடியின் பக்கம். மொழி தெரியாமல் லாரியில் வருபவன் அதில் ஆபத்து. இரண்டுக்கும் இடைப்பட்ட காலத்தில் கும்மிடிப்பூண்டி, புதுவாயல் வட்டாரத் தொழிற்சாலைகளில் பிகார், ஒடிசா, ஜார்க்கண்ட், உத்தரப் பிரதேசத் தொழிலாளர்கள் நிறைந்துவிட்டார்கள். வேலுவின் கதை இப்போது திசை மாறி ரயிலில் வந்துகொண்டிருக்கிறது. ‘நாயக’னின் இந்தி மறு ஆக்கமான ‘தயாவான்’ (1988) படத்தில் வினோத் கன்னா பம்பாய்க்கு வந்த தெற்கத்திக்காரராகவே நடித்தார். இந்திப் பார்வையாளர்கள் அவரை நாயகனாக ஏற்றார்கள். வடக்கிலிருந்து வருபவனைத் தமிழ் வெகுஜனப் படம் பெரும்பாலும் பானிபூரி வண்டிக்காரனாகவோ கொள்ளைக்காரனாகவோதான் காட்டியிருக்கிறது.

2018 மே மாதம், வடநாட்டுக் குழந்தை கடத்தல் கும்பல் சுற்றுகிறது என்ற வாட்ஸ்அப் வதந்தி பரவியபோது, இந்த வட்டாரத்திலிருந்து தொலைவில் இல்லாத பழவேற்காட்டில் ஒருவர் அடித்துக் கொல்லப்பட்டுப் பாலத்தில் தொங்கவிடப்பட்டார். இதற்கு எந்தப் படத்தையும் குற்றம் சொல்ல முடியாது. ஆனால் அந்தக் கூட்டத்தின் மனதில் இருந்த அந்நியனின் உருவம் திரையில் பழகியதுதான். 2023 மார்ச்சில் வதந்தி எதிர்த்திசையில் பரவியது. தமிழ்நாட்டில் பிகார்த் தொழிலாளர்கள் தாக்கப்படுகிறார்கள் என்ற போலிக் காணொளிகளால் பலர் வேலையை விட்டு ஊருக்கு ரயில் ஏறினார்கள். பிகாரிலிருந்து அதிகாரிகள் குழு வந்து விசாரித்தது, தமிழ்நாடு காவல்துறை இந்தியில் விளக்கம் வெளியிட்டது, காணொளிகளைப் பரப்பியவர்கள் மீது வழக்குகள் பதிவாயின.